ஆலங்கிணற்றில் எக்ஸ்பிரஸ் நிற்கும்

சித்திரை 1, செவ்வாய்

நின்றுவிட்டது! எக்ஸ்பிரஸ் எங்கள் ஆலங்கிணற்றில் நின்றுவிட்டது!

முதலில் அதை எழுது, மற்றதெல்லாம் பிறகு என்றேன். தேவசகாயம் எழுதிவிட்டான். எனக்கு எழுத்து தெரியாது. நான் சொல்லச் சொல்ல எழுதுகிறவன் அவன்தான், இந்த ஹால்ட்டில் டிக்கெட் விற்கிற ஏஜென்ட். ரயில்வே சம்பளக்காரன் இல்லை. ஜங்ஷனில் தாயாரோடு குடியிருக்கிறான். அங்கே மொத்தமாக டிக்கெட் வாங்கிக்கொண்டு காலை பாசஞ்சரில் இங்கே வந்து விற்பான். விற்றதற்குக் கமிஷன். இரவு பாசஞ்சரில் வீட்டுக்குப் போய்விடுவான். நடுவில் அவனுக்கும் பொழுது போகவேண்டும், எனக்கும் போகவேண்டும்.

என்ன கூட்டம், என்ன கூட்டம்! உரக்கடை பரமானந்தம் எஞ்சினுக்குச் சார்த்தவென்று ஆளுயர மாலை கொண்டுவந்தார். எட்டவில்லை. டிரைவர் கழுத்தை நீட்டி வாங்கிக்கொண்டார். டீக்கடை ஜக்கம்மாள் எஞ்சினைச் சுற்றி ஆரத்தி எடுக்கப் போனாள். கார்டு விசிலை ஊதிக்கொண்டே ஓடிவந்தார்.

"ரெண்டு நிமிஷந்தாம்மா ஸ்டாப்பிங்! தள்ளுங்க!"

"பன்னெண்டு வருஷம் நாங்க காத்துக் கெடந்தோம். ரெண்டு நிமிஷம் கூட நீரு நின்னா என்னவாம்?"

கார்டு நின்றார். திருநீறும் பூசிக்கொண்டார்.

இந்த ஸ்டேஷன் முன்னே எப்படி இருந்தது என்று சொன்னால் யார் நம்புவார்கள்? மீட்டர்கேஜ் நாளில் இங்கே ஸ்டேஷன் மாஸ்டர் உண்டு, சிக்னல் உண்டு, எஞ்சினுக்குத் தண்ணீர் பிடிக்க இரும்புத் தும்பிக்கை உண்டு. எஞ்சின் தண்ணீர் குடிக்கும் நேரமெல்லாம் எனக்கு வியாபார நேரம். நாற்பது வருஷம் ஜன்னல் ஜன்னலாகச் சுக்குக்காப்பி விற்றேன். மிளகாய் வத்தல் மூட்டை ஏற்றுகிற நாளில் வண்டி முழுக்கத் தும்மும். அன்றைக்குக் காப்பி கூடுதலாக ஓடும். பிறகு அகலப்பாதை போடுகிறோம் என்று தண்டவாளத்தைப் பெயர்த்தார்கள். பன்னிரண்டு வருஷம் அந்த மேட்டில் ஆடு மேய்ந்தது. திரும்ப வண்டி வந்தபோது ஸ்டேஷன் இல்லை, மாஸ்டர் இல்லை, இந்தத் தகரக் கொட்டகைதான். பேரும் ஹால்ட். பாசஞ்சர் மட்டும் நிற்கும். எக்ஸ்பிரஸ் புழுதியை வாரி மூஞ்சியில் அடித்துவிட்டுப் போகும்.

இனி அடிக்காது. ஆனால் மூன்று மாதத்துக்கு மட்டும் என்று உத்தரவாம். டிக்கெட் விற்றால் நிற்கும், விற்காவிட்டால் ஆனியோடு சரி.

என் மகள் பேச்சியம்மாளுக்கு ஜங்ஷனில் ஜவுளிக்கடையில் புடவைக்கு ஓரம் அடிக்கிற வேலை. காலையில் பாசஞ்சர் எதிர்ப்பக்கம் போகும், அவளுக்கு ஆகாது. இரண்டு பஸ் மாறிப் போய் இரண்டு பஸ் மாறி வருவாள். முதலாளி ஹாஸ்டலில் வந்து தங்கச் சொல்கிறார். அவளும் சரி என்கிற நிலைக்கு வந்துவிட்டாள். இனி எக்ஸ்பிரஸில் போய் மாலை எக்ஸ்பிரஸிலேயே வீடு வந்து சேரலாம். எனக்கொன்றும் இல்லை, நான் ஊருக்காகச் சொல்கிறேன்.

சித்திரை 4

இன்று ஏறியது பேச்சி மட்டும்.

சித்திரை 7

ஜக்கம்மாள் கடையில் கூட்டம். பரமானந்தம் தலைவர், அவரே நியமித்துக்கொண்டது.

"இப்படியே போனா ஆனி கடைசியில எக்ஸ்பிரஸ் நமக்கு டாட்டா காட்டிட்டுப் போயிரும். டிக்கெட் விக்கணும்யா, டிக்கெட்!"

"போறதுக்கு ஆளிருந்தாத்தானே விக்கும்?" என்றார் ஒருவர்.

ஜக்கம்மாள் பாலை ஆற்றிக்கொண்டே கேட்டாள்: "போகணும்னு யாரு சொன்னா? வாங்கினாப் போதும்ல? பங்குனித் திருவிழாவுக்கு ஒரு நாளைக்கு ஒரு தெருன்னு மண்டகப்படி எடுக்கீக. அன்னன்னைக்குப் பூவு, விளக்கு, மேளம், எல்லாச் செலவும் அந்தத் தெருவோடது. அதே மாதிரி ரயிலுக்கும் எடுங்க. இன்னைக்கு வடக்குத் தெரு, நாளைக்குக் கம்மாக்கரைத் தெரு. அந்தத் தெருக்காரன் பூராவும் வந்து டிக்கெட் எடுக்கணும்."

கடையே எழுந்து நின்றுவிட்டது. எனக்கு உடம்பு புல்லரித்தது. இப்படி ஒரு யோசனை எந்தக் காலத்து ஸ்டேஷன் மாஸ்டருக்காவது வந்திருக்குமா?

"எந்த ஊருக்கு எடுக்க?"

"வெள்ளூரணிக்கு எடுங்க. அதானே அடுத்த ஸ்டாப்பிங்கு? சல்லிசா முடியும்."

எல்லோரும் தலையாட்டினோம். நானுந்தான் ஆட்டினேன்.

சித்திரை 19

ரயில் மண்டகப்படி ஜாம் ஜாம் என்று நடக்கிறது! வடக்குத் தெரு நாதஸ்வரத்தோடு வந்து டிக்கெட் எடுத்தது. அது பொறுக்காமல் கம்மாக்கரைத் தெரு வாணவேடிக்கையோடு வந்தது. கடைத்தெருக்காரர்கள் சுண்டல் கொடுத்தார்கள். வண்டி வரும்; எல்லோரும் கையில் டிக்கெட்டோடு வரிசையாக நின்று பார்ப்போம்; பேச்சி ஏறுவாள்; வண்டி போகும். டிரைவர் இப்போதெல்லாம் எங்களைக் கண்டதும் கும்பிடுகிறார்.

தேவசகாயத்துக்கு டிக்கெட் கிழித்துக் கிழித்துக் கை வலிக்கிறதாம். "கமிஷன் கொட்டுதுல்ல, சந்தோஷந்தானே?" என்றேன்.

"சந்தோஷந்தான் பெரியவரே. பயமாவும் இருக்கு."

நல்ல மனுஷன். சமைத்துப் போட ஆளில்லை, தாயாருக்கு மூட்டுவலி. எங்கள் வீட்டில் இந்த மாதம் வாரத்தில் மூன்று நாள் மீன் குழம்பு. பல் போனதிலிருந்து நான் மீன் தொடுவதில்லை. பேச்சிக்கு முள் என்றாலே ஆகாது. மிச்சம் தூக்குவாளியில் இங்கே வந்துவிடுகிறது. ஜங்ஷன்காரனுக்கு எங்கள் கண்மாய் விரால் பிடித்துப்போய்விட்டது.

ஏன்டா இருமுகிறாய்? எழுது.

வைகாசி 3

பேச்சி புறப்பட நேரமாகிவிட்டது. வண்டி வந்து நின்று கிளம்பவும் போகிறது, அவள் இன்னும் வேலிக்கருவைப் பாதையில் ஓடிவருகிறாள். ஹால்ட் ஏஜென்டுக்கு வண்டியை நிறுத்திவைக்க அதிகாரம் கிடையாது. ஆனால் தேவசகாயம் கவுன்ட்டரை விட்டு ஓடிப்போய்க் கார்டிடம் ஏதோ சந்தேகம் கேட்டுக்கொண்டே நின்றான். அவள் ஏறியதும் சந்தேகம் தீர்ந்துவிட்டது.

"என்ன சந்தேகம்யா அது?" என்றேன்.

"மறந்து போச்சு பெரியவரே."

வயது நாற்பத்தொன்று, அதற்குள் மறதி. எனக்கு எழுபத்தொன்பது. வெள்ளத்தில் வண்டி நின்ற வருஷம் என்னிடம் காப்பி வாங்கிய அம்மாள் எந்த மூக்கில் மூக்குத்தி போட்டிருந்தாள் என்று கேளுங்கள், சொல்கிறேன். இடது.

வைகாசி 11

தேவசகாயம் இன்று என்னைப் பெரியவரே என்று கூப்பிடவில்லை. மாமா என்றான். ஊர்ப்பழக்கம் ஒட்டிக்கொண்டதோ என்று நினைத்தேன். பரமானந்தத்தையும் மாமா என்கிறானா என்று நாளெல்லாம் கவனித்தேன். இல்லை.

வைகாசி 21

குண்டு விழுந்துவிட்டது. ஜங்ஷனில் டிக்கெட் எடுக்கப் போன இடத்தில் தேவசகாயத்திடம் சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். இந்த ஹால்ட்டில் விற்கிற டிக்கெட்டைப் பார்த்துக் கோட்டத்து ஆபீசிலேயே மலைத்துப் போய்விட்டார்களாம். இத்தனை கூட்டம் எப்படி ஏறுகிறது என்று பார்க்க ஞாயிற்றுக்கிழமை ஓர் அதிகாரி வருகிறார்.

"ஏறுறதுக்கு ஆளில்லைன்னு தெரிஞ்சா என் ஏஜென்சி போச்சு மாமா. ஸ்டாப்பிங்கும் போச்சு."

பரமானந்தம் நாற்காலியை விட்டு எழுந்தார். "அவ்வளவுதானே? ஏறிருவோம்! மொத்த ஊரும் ஏறிருவோம்!"

வைகாசி 24, ஞாயிறு

ஏறினேன்! எனக்கே நம்பிக்கை வரவில்லை. நாற்பது வருஷம் ஜன்னலுக்கு வெளியே நின்றவன் நான். ஓடுகிற வண்டிக்குள் ஒரு நாளும் உட்கார்ந்ததில்லை. எங்கே போனாலும் பஸ்தான், இல்லாவிட்டால் நடைதான்.

ஊரே பிளாட்பாரத்தில் நின்றது. ஆடு மேய்க்கிறவன் வந்தான், கோயில் பூசாரி வந்தார், கைக்குழந்தைக்காரிகள் தொட்டில் சேலையோடு வந்தார்கள். அதிகாரி என்று நாங்கள் மீசையை எதிர்பார்த்தோம். இறங்கியது ஒரு பொம்பிளைப் பிள்ளை, முப்பது முப்பத்தைந்து வயதிருக்கும், கறுப்புக் கண்ணாடி, கையில் குடை. எங்களை ஒரு பார்வை பார்த்தார், அதே பெட்டியில் எங்களோடு திரும்ப ஏறிக்கொண்டார்.

வண்டி நகர்ந்ததும் ஜன்னல் கம்பியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். நான் நின்று காப்பி விற்ற இடம் பின்னால் போகிறது! வேலிக்கருவை ஓடுகிறது, கண்மாய் திரும்புகிறது, பனைமரம் ஒன்றை ஒன்று முந்துகிறது. "ஏய், அந்தா நம்ம உரக்கடை!" என்று கத்தினேன். பெட்டியே சிரித்தது. ஆபீசரம்மாவும் சிரித்தார். எதிர் ஜன்னலில் ஒருவன் ஊதி ஊதி டீ குடித்துக்கொண்டிருந்தான். இத்தனை காலம் இவர்கள் என் காப்பியை ஏன் அவ்வளவு மெதுவாகக் குடித்தார்கள் என்று இன்றைக்குத்தான் புரிந்தது. ஆடுகிற வண்டியில் வேகமாகக் குடித்தால் சட்டையில்தான் போகும்.

வெள்ளூரணி வந்தது. மொத்த ஊரும் இறங்கினோம். வண்டி காலியாகிப் போனது. இறங்கியபின் எங்கே போவதென்று ஒருத்தருக்கும் தெரியவில்லை. ஆடு மாதிரி அங்கேயே நின்றோம். ஆபீசரம்மா குடையை விரித்துக்கொண்டு கேட்டார்.

"எல்லாருக்கும் வெள்ளூரணியில என்ன வேலை?"

"கல்யாணம் மேடம்," என்றார் பரமானந்தம்.

அதே மூச்சில் ஜக்கம்மாள், "துஷ்டி தாயி," என்றாள்.

"கல்யாணமா, சாவா?"

"கல்யாண வீட்டில ஒரு சாவு மேடம்," என்றார் பரமானந்தம். அவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே!

ஆபீசரம்மா கோபப்படவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. "இங்க பாருங்க. உங்க கணக்குப்படி உங்க ஊர்க்காரங்க வெள்ளூரணிக்கு மட்டுந்தான் போறாங்க. பதினெட்டு கிலோமீட்டர். அதுக்கு பாசஞ்சர் போதும், எக்ஸ்பிரஸ் எதுக்கு? ஜங்ஷனுக்கு உங்க ஊர்ல இருக்கிறது ஒரே ஒரு சீசன் டிக்கெட். யாரது பேச்சியம்மாள்?"

"எம் மக," என்றேன்.

"உங்க ஊர்ல அவங்க ஒருத்தங்கதான் நிஜப் பயணி. ஆனி முடியறதுக்குள்ள ஜங்ஷனுக்குப் போற கூட்டத்தை எனக்குக் காட்டுங்க. டிக்கெட்டை இல்ல, ஆளை. இல்லைன்னா நான் ஒண்ணும் செய்ய முடியாது."

திரும்ப வர வண்டி மாலையில்தான். பாதிப் பேர் பஸ்ஸில், பாதிப் பேர் டிராக்டரில். நான் டிராக்டரில் நின்றுகொண்டே வந்தேன், இறங்கி இவனைத் தேடிவந்து சொல்கிறேன். ஆனாலும் ரயிலில் போனேனே!

வைகாசி 25

உடம்பெல்லாம் வலி. மனசு மட்டும் இன்னும் ஜன்னல் ஓரத்தில் இருக்கிறது.

வைகாசி 30

ஜங்ஷன் டிக்கெட்டுக்கு மண்டகப்படி எடுக்க ஒரு தெருவும் தயாரில்லை. "வெள்ளூரணியில பட்ட அவமானம் போதும்" என்கிறார்கள். பரமானந்தம் கடையை விட்டு வெளியே வருவதில்லை.

முதலாளி ஹாஸ்டலில் பேச்சிக்குக் கட்டில் ஒதுக்கி வைத்திருக்கிறாராம். பேச்சி பரணிலிருந்து டிரங்குப் பெட்டியை இறக்கித் துடைத்தாள். பிறகு மேலேயே ஏற்றி வைத்தாள். இன்று மீன் குழம்பும் இல்லை.

ஆனி 4

காலையிலிருந்து தேவசகாயம் பேனாவைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தான்.

"மாமா, உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்."

"முதல்ல நான் சொல்றதை எழுது. பெறகு நீ சொல்லு."

சொன்னேன்: ஆலங்கிணறு சுக்குக்காப்பி சீனியாண்டி மகள் பேச்சியம்மாளுக்கும், ஜங்ஷன் ஞானப்பிரகாசம் மகன் தேவசகாயத்துக்கும்

பேனா நின்றுவிட்டது.

"எழுதுடா! திருமணம் செய்வதாகப் பெரியோர்களால் நிச்சயிக்கப்பட்டு. பெரியோர்ன்னா நான்தான்."

"மாமா... உங்களுக்கு எப்படி?"

"மீன் திங்காத வீட்டில மூணு நாள் மீன் குழம்பு வைக்கா. வைக்கிற குழம்பெல்லாம் இங்க வருது. எழுத்துதான் எனக்குத் தெரியாது, மூக்கு இருக்குல்ல?"

அவன் அழுதான். நாற்பத்தொரு வயது ஆள் கவுன்ட்டருக்குள் உட்கார்ந்து துண்டில் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதான். பேச்சியின் வீட்டுக்காரன் செத்துப்போய் எட்டு வருஷம் ஆகிறது. இவனோ தாயாருக்காகக் கல்யாணமே செய்துகொள்ளாமல் இருந்தவன். இவன் வேதக்காரன், நாங்கள் கும்பிடுவது சுடலையை. கோயிலும் வேண்டாம், சர்ச்சும் வேண்டாம் என்று ஜங்ஷன் ரிஜிஸ்தர் ஆபீசில் வைகாசி பிறந்ததுமே நோட்டீஸ் கொடுத்துவிட்டார்கள். ஒரு மாதம் போனால் கையெழுத்துப் போடலாம். மாதமும் போய்விட்டது. இப்போது பேச்சிதான் வேண்டாம் என்கிறாளாம்.

"ஏன்?"

"கல்யாணம்னா அவ ஜங்ஷன்ல வந்து இருக்கணும். எங்கம்மா எந்திரிச்சு நடக்க முடியாது. எக்ஸ்பிரஸும் நிக்கலைன்னா எங்கப்பாவை நான் எப்ப வந்து பாப்பேன்கிறா. ரெண்டு பஸ் மாறி நீங்களும் வர முடியாதாம்."

ஆக, எல்லாம் அந்த இரண்டு நிமிஷத்தில் வந்து நிற்கிறது.

யோசித்தேன். யோசிக்க யோசிக்க உடம்பு சூடேறியது. எழுந்து கொட்டகைத் தூணைத் தட்டினேன். "ஏலே, கல்யாணம் எங்க? ஜங்ஷன்ல. ஊரைக் கூப்பிடுவோம்ல? ஊரு எதில வரும்?"

அவன் துண்டை எடுத்துவிட்டு என்னைப் பார்த்தான்.

"கடைசி மண்டகப்படி என்னுது!" என்றேன்.

ஆனி 9

வெற்றிலை பாக்கோடு வீடு வீடாகப் போகிறேன். ஒவ்வொரு வாசலிலும் ஒரே பேச்சு: "கல்யாணம் ஆனி இருபத்திரண்டு, திங்கக்கிழமை. எக்ஸ்பிரஸ்ல வரணும். பஸ்ஸில வந்தா சோறு கிடையாது."

பேச்சி இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள், "நீங்க தனியாக் கெடப்பீகளேப்பா?" என்றாள். "எனக்கென்ன, நான் ரயில் ஏறிப் பழகினவன்," என்றேன்.

பரமானந்தம் கடையில் மட்டும் கொஞ்சம் உரசல். "அண்ணாச்சி, வேதக்காரனுக்கா பொண்ணு குடுக்கீக?"

"ஆமா. உம்ம உரத்தைப் போட்டவன்ல எவன் என்ன சாமி கும்பிடுதான்னு கேட்டா வித்தீரு?"

கடையில் நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள். பரமானந்தத்துக்கும் சிரிப்பு வந்துவிட்டது. ஆபீசரம்மாவுக்குப் பத்திரிகை கொண்டுபோகிற பொறுப்பை அவரே கேட்டு வாங்கிக்கொண்டார்.

ஆனி 22, திங்கள். ஓடுகிற எக்ஸ்பிரஸில்

இதை எழுதுவது பேச்சி. கல்யாணப் பெண்ணை எழுத வைக்கிறேனே என்று ஜக்கம்மாள் திட்டுகிறாள். இன்றைக்கு எழுதாமல் என்றைக்கு எழுத?

மாப்பிள்ளை காலை பாசஞ்சரில் பட்டுவேட்டியோடு வந்து கவுன்ட்டரைத் திறந்தான். அவன் விற்காவிட்டால் யார் விற்பது? தன் கல்யாணத்துக்கு வருகிறவர்களுக்குத் தானே டிக்கெட் கொடுத்தான். "மொய்யை இங்கயே குடுத்திரலாமா மாப்ளே?" என்று ஒவ்வொருவனும் கேலி. வண்டி வந்துவிட்டது, வரிசை முடியவில்லை. கார்டு விசில் ஊதுகிறார். பேச்சி இறங்கிப் போய்க் கொட்டகைக்குள் நுழைந்து, மாப்பிள்ளையைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஓடிவந்தாள். மாலை பாதி கவுன்ட்டரில், பாதி கழுத்தில். ஊரே கைதட்டியது!

இதை எழுத மாட்டேன் என்கிறாள். எழுது.

ஆனி 23

மாப்பிள்ளை இன்றைக்கே கவுன்ட்டரைத் திறந்துவிட்டான். மறுபடி இவன் கையெழுத்து.

நேற்று ஜங்ஷன் பிளாட்பாரத்தில் ஆபீசரம்மா நின்றுகொண்டிருந்தார். நாங்கள் இறங்கினோம், இறங்கினோம், இறங்கிக்கொண்டே இருந்தோம். தாம்பாளத் தட்டு, வாழைத்தார், நாதஸ்வரம் எல்லாம் இறங்கின.

"இந்தத் தடவை கல்யாணமா, சாவா?"

"அசல் கல்யாணம் மேடம்!" என்றார் பரமானந்தம்.

"சரி. நாளைக்கு யார் வருவாங்க?"

"நாளைக்கு மறுவீடு!" என்றாள் ஜக்கம்மாள். "பொண்ணு மாப்ளையைக் கூட்டியார ஒரு கூட்டம் வரணும்லா?"

"அதுக்கு அடுத்த நாள்?"

நாதஸ்வரக்காரர்கூட நிறுத்திவிட்டார்.

"நான் வருவேன்," என்றேன்.

ஆபீசரம்மா என்னையே பார்த்தார். பேச்சியைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். இன்னும் மூன்று மாதம் நீட்டிக்கச் சொல்லி எழுதுகிறேன், மேலே ஒத்துக்கொள்வார்கள், ஆனால் வண்டியில் ஆள் ஏறவேண்டும், இறங்கவும் வேண்டும் என்றார்.

ரிஜிஸ்தர் ஆபீசில் சாட்சிக்கு ஜக்கம்மாள் கையெழுத்துப் போட்டாள். நான் பெருவிரலை அழுத்தினேன். சாப்பாடு முடிந்ததும் ஊர் கலைந்தது. பாதிக்குச் சினிமா, பாதிக்கு ஜவுளிக்கடை, எல்லோருக்கும் இரவு பஸ்ஸே போதுமாம். நான் மாலை எக்ஸ்பிரஸுக்குக் கிளம்பினேன். பேச்சி கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஒத்தையில போகாதீகப்பா. நைட்டு எல்லாரோடயும் போங்க."

"ஆபீசரம்மா என்ன சொல்லிச்சு? இறங்கவும் வேணும்னு சொல்லிச்சுல்ல? எக்ஸ்பிரஸ் நம்ம ஊர்ல நிக்கையில ஒருத்தனும் இறங்கலைன்னா நல்லாவா இருக்கும்?"

ஜன்னல் ஓரம் கிடைத்தது. வெள்ளூரணி தாண்டியதும் எழுந்து வாசலுக்கு வந்து நின்றுகொண்டேன். மறந்துபோய் விட்டுவிட்டுப் போய்விடுவானோ என்று பயம். இல்லை. கண்மாய்த் திருப்பத்திலேயே வேகம் குறைந்தது. பிரேக் கிறீச்சிட்டது. அத்தனை பெட்டியும், அந்த எஞ்சினும், அவ்வளவு ஜனமும் தகரக் கொட்டகை முன்னால் வந்து அடங்கி நின்றது.

இறங்கியது நான் ஒருவன்தான். கார்டு எட்டிப் பார்த்தார். கையை உயர்த்திக் காட்டினேன், இறங்கிவிட்டேன், போகலாம் என்று. விசில் ஊதினார். எனக்காக நின்ற எக்ஸ்பிரஸ் கிளம்பியது.

கடைசிப் பெட்டி மறைகிற வரைக்கும் அங்கேயே நின்றேன். வீட்டுக்குப் போய் விளக்கைப் போட்டேன். இன்றைக்குக் காலையில் முதல் ஆளாக வந்து ஜங்ஷனுக்கு ஒரு டிக்கெட் கேட்டேன். மாப்பிள்ளை, "மறுவீட்டுக் கூட்டம் வரட்டும் மாமா, சேர்ந்து போகலாம்" என்கிறான். கூட்டத்தில் எனக்கு ஜன்னல் ஓரம் கிடைக்காது. கொடுடா டிக்கெட்டை.